வெட்டின பிறகு தெரிஞ்ச பேரு: ஆரஞ்சு ஹனிசக்கிள் கதை

சின்ன வயசுல இட்லிப்பூவைப் பறிச்சு, அடியில இருக்கற ஒரு சொட்டுத் தேனை உறிஞ்சாதவங்க நம்ம ஊர்ல யாராவது இருக்கீங்களா? எங்க தெருவுல பிள்ளையார் கோயில் செடி பூத்தா, சாமிக்குப் போறதுக்கு முன்னாடி பாதிப் பூ எங்க வாய்க்குத்தான் போகும். வெள்ளைக்காரப் பசங்களும் இதே வேலையைத்தான் செஞ்சிருக்காங்க. அவங்க ஊர்ல அது வேற பூ. அதுக்கு அவங்க வெச்ச பேரு ஹனிசக்கிள். தேன் உறிஞ்சற பூ, அவ்வளவுதான் அர்த்தம்.

அந்த ஹனிசக்கிள்ல ஆரஞ்சு நிறத்துல பூக்கற ஒரு கொடியைப் பத்தித்தான் இந்தப் பதிவு. முதல்லயே ஒரு வாக்குமூலம் கொடுத்துடறேன். அந்தக் கொடியை நான் என் கையாலேயே வெட்டிப் போட்டேன்.

நடந்தது இதுதான். ஒரேகானுக்கு வர்றதுக்கு முன்னாடி நாங்க சில வருஷம் வட கரோலினாவில் இருந்தோம். அங்கே காட்டுப் பக்கம் போனால் எங்கே பார்த்தாலும் ஜப்பான் ஹனிசக்கிள். மரத்தைச் சுத்தி இறுக்கும், கீழே இருக்கிற செடிகளுக்கு வெயிலே விடாது. சனிக்கிழமை ஆனா தன்னார்வலர்களோடு சேர்ந்து அதைப் பிடுங்கறதுதான் என் உடற்பயிற்சி. ஆக, ஹனிசக்கிள்னாலே எனக்கு எதிரி.

ஒரேகான்ல வாங்கின வீட்டுக்குப் பின்னாடி ஒரு டக்ளஸ் ஃபர் மரம். அதில் ஒரு கொடி ஏறியிருந்தது. பிப்ரவரி மாசம், ஒரு இலை கூட இல்லை. வீட்டைப் பத்தின காகிதத்துல பழைய சொந்தக்காரர் 'ஹனிசக்கிள்' என்று ஒரு வார்த்தை எழுதி வெச்சிருந்தார். போதாதா எனக்கு? கத்தரியை எடுத்தேன், அரை மணி நேரத்துல வேலை முடிஞ்சுது. தங்கமணி கூட, "என்னங்க, என்ன கொடின்னு பார்த்துட்டு வெட்டலாமே"ன்னாங்க. தங்கமணி சொல்லை எப்போ கேட்டிருக்கோம் :-)

மே மாசம் பக்கத்து வீட்டுப் பாட்டி வேலியோரமா நின்னு, "இந்த வருஷம் ஹம்மிங்பேர்டைக் காணோமே, அந்த ஆரஞ்சுப் பூ கொடி என்னாச்சு?"ன்னு கேட்டாங்க. எனக்குப் பகீர்னுது. அன்னிக்கு ராத்திரிதான் உட்கார்ந்து படிக்க ஆரம்பிச்சேன். படிக்கப் படிக்க, வெட்டினது வெறும் கொடி இல்லைன்னு புரிஞ்சுது.

சரி, வரலாற்றுக்கு வருவோம்.

1804ல், மேற்கே பசிபிக் கடல் வரைக்கும் வழி கண்டுபிடிக்க மெரிவெதர் லூயிஸ், வில்லியம் கிளார்க் என்ற ரெண்டு பேர் தலைமையில் ஜனாதிபதி ஜெஃபர்சன் ஒரு படையை அனுப்பின கதை உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும். அவங்க கடலைப் பார்த்துட்டுத் திரும்பி வரும்போது, 1806 மே மாசம் பிட்டர்ரூட் மலையில் பனி இன்னும் உருகலை. நெஸ் பெர்ஸ் மக்கள் (தங்களை நிமீபூ என்று சொல்லிக்கொள்கிறவர்கள்) "இப்போ மலை ஏற முடியாது"ன்னு தடுத்துட்டாங்க. அதனால இன்றைய ஐடஹோ மாநிலத்துல, கிளியர்வாட்டர் ஆற்றங்கரையில், ஏறக்குறைய நாலு வாரம் முகாம். அந்த ஆற்றுக்கு லூயிஸ் எழுதின பேர் கூஸ்கூஸ்கி.

பனிக்காகக் காத்திருந்த நேரத்துல லூயிஸ் சும்மா இருக்கலை. கண்ணுல பட்ட செடியெல்லாம் பறிச்சு, காகிதத்துக்கு நடுவுல அழுத்திக் காய வெச்சார். அந்த ஜூன்ல அப்படிக் கிடைச்சதுல ஒண்ணுதான் நம்ம ஆரஞ்சு ஹனிசக்கிள். விஞ்ஞானத்தோட ஏட்டுல அது ஏறினது அப்பதான். அங்கே இருந்த மக்களுக்கு அதுக்கு வெகு காலம் முன்னாலேயே தெரியும். அந்தப் பகுதிப் பழங்குடிப் பிள்ளைகளும் பூவைப் பறிச்சுத் தேனை உறிஞ்சினவங்கதான். இட்லிப்பூ கோஷ்டி எல்லா ஊர்லயும் உண்டு.

ஊர் திரும்பின லூயிஸுக்கு எழுத நேரமில்லை. செடிகளை வகைப்படுத்தி வரையற வேலையை ஃபிரெடெரிக் பர்ஷ் என்கிற ஜெர்மானியத் தாவரவியலாளர் கையில் கொடுத்தார். 1809ல் லூயிஸ் இறந்துபோனார். பர்ஷ் மாதிரிகளில் ஒரு பகுதியை எடுத்துக்கிட்டு லண்டன் போய், வட அமெரிக்கத் தாவரங்களைப் பத்தின தன் புத்தகத்தை அங்கேயே வெளியிட்டார். அட்டையில் 1814 என்று இருக்கும். லூயிஸியா, கிளார்க்கியா என்று ரெண்டு பேர் நினைவாவும் செடிகளுக்குப் பேர் வெச்சது அதில்தான். நம்ம கொடிக்கும் அதில்தான் பேர் கிடைச்சது. பர்ஷ் போட்ட பேரில் பேரினம் பிறகு மாறி, இன்னிக்கு அது லோனிசெரா சிலியோசா.

லோனிசெரா என்பது 16ம் நூற்றாண்டு ஃபிராங்ஃபர்ட் மருத்துவர் ஆடம் லோனிட்ஸர் நினைவா லின்னேயஸ் வெச்சது. சிலியோசான்னா லத்தீன்ல ஓரத்துல மயிர் வரிசை உள்ளதுன்னு அர்த்தம், கண்ணிமை மயிர் மாதிரி. இவ்வளவு பளீர்னு ஆரஞ்சுப் பூ பூக்கற கொடிக்கு நிறத்தை வெச்சுப் பேர் வைக்காம, இலை ஓரத்து மயிரை வெச்சுப் பேர் வெச்சிருக்காரே மனுஷன்! யோசிச்சா காரணம் புரியுது. பர்ஷ் அந்த மேற்குப் பக்கமே போனதில்லை. அவர் முன்னாடி இருந்தது காய்ஞ்ச கொடி. காய்ஞ்சா நிறம் போயிடும், இலை ஓரத்து மயிர் போகாது. காய்ஞ்சு வந்த மாதிரியைப் பார்த்து அந்த மனுஷன் கண்டுபிடிச்சதை, உயிரோட நின்ன கொடியைப் பார்த்து நான் கண்டுபிடிக்கலை.

லண்டன் போன மாதிரிகள் 1842ல் ஏலத்துக்கு வந்தபோது டக்கர்மன் என்கிற அமெரிக்கர் வாங்கி, 1856ல் ஃபிலடெல்ஃபியா இயற்கை அறிவியல் கழகத்துக்குக் கொடுத்தார். மீதிக் கட்டு அதே ஊரில் வேற ஒரு சங்கத்துல தூங்கிக்கிட்டிருந்து 1896ல் கிடைச்சது. லூயிஸ் பறிச்ச செடிகளில் இருநூறுக்கும் மேல இன்னிக்கும் அங்கே பத்திரமா இருக்கு.

இதுல ஒரு வேடிக்கை. ஜப்பான் ஹனிசக்கிள் நியூயார்க் பக்கம் லாங் ஐலண்டுக்கு அழகுக்கொடியா வந்து இறங்கினது எந்த வருஷம்னு குறிப்புகள் சொல்லுது தெரியுமா? அதே 1806! இந்தக் கோடியில் ஒருத்தர் மண்ணின் கொடியைப் பறிச்சு ஏட்டுல ஏத்தறார், அந்தக் கோடியில் எதிரி கப்பல்ல வந்து இறங்கறான். நான் இவனை அவன்னு நினைச்சு வெட்டியிருக்கேன்.

என்னை மாதிரி ஆகாம இருக்க, அடையாளம் சொல்லிடறேன்.

ஆரஞ்சு ஹனிசக்கிள்: கொடியின் நுனியில் கடைசி ஜோடி இலை ஒண்ணோட ஒண்ணு ஒட்டி, நடுவுல தண்டு துளைச்சுக்கிட்டு வர்ற மாதிரி இருக்கும். கோயில்ல பொங்கல் கொடுக்கற தொன்னை ஞாபகம் வரும். அந்தத் தொன்னைக்கு மேலே கொத்தா நீளக் குழல் பூக்கள், ஒவ்வொண்ணும் ஒரு அங்குலத்துக்கு மேல. வாசனை அநேகமா கிடையாது. ஹம்மிங்பேர்டுக்கு நிறம்தான் அழைப்பு. பழம் செக்கச்செவேல்னு ஆரஞ்சுச் சிவப்பு, சாப்பிடற பழம் இல்லை. குளிர்காலத்துல இலை முழுசா கொட்டிடும்.

ஜப்பான் ஹனிசக்கிள்: இலைகள் ஒட்டாது. பூ இலைக்கக்கத்துல ஜோடி ஜோடியா வரும், வெள்ளையா பூத்து மஞ்சளாகும், ஊரையே தூக்கற வாசனை. பழம் கறுப்பு. கடுங்குளிர் இல்லாத இடத்துல குளிர்காலத்துலயும் இலை நிக்கும். பிப்ரவரியில் மொட்டையா நின்ன கொடியைப் பார்த்தப்பவே எனக்குச் சந்தேகம் வந்திருக்கணும்!

கிழக்குப் பக்கம் இருக்கறவங்களுக்கு லோனிசெரா செம்பர்வைரன்ஸ் உண்டு. அதுக்கும் தொன்னை இலை, குழல் வெளியே பவளச் சிவப்பு, உள்ளே மஞ்சள். அதன் வாரிசுதான் கனடாவில் மானிடோபாவில் ஃபிராங்க் ஸ்கின்னர் உருவாக்கின 'டிராப்மோர் ஸ்கார்லெட்', கடுங்குளிர் தாங்கும். அதன் வாரிசா பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகத் தோட்டத்துல வந்தது 'மாண்டரின்', பேருக்கேத்த ஆரஞ்சு.

கொடியா இல்லாம ஆரஞ்சு நிறப் புதரை யாராவது ஹனிசக்கிள்னு சொன்னா ரெண்டு தடவை பாருங்க. அப்பலேச்சியன் மலைப் பக்கம் காட்டு ஹனிசக்கிள்னு சொல்றது அசேலியா வகை. வில்லியம் பார்ட்ரம் 1791ல் வெளிவந்த தன் பயண நூலில் நெருப்பு மாதிரி இருக்குன்னு வியந்து எழுதினது அதைத்தான். நம்ம ஊர் நர்சரியில 'கேப் ஹனிசக்கிள்'னு கிடைக்கறது தென்னாப்பிரிக்காச் செடி, பிக்னோனியா குடும்பம். ஒரே காம்புல பல சிற்றிலை, ஓரம் பல்லுப் பல்லா இருந்தா அதுதான். அதுக்கும் ஜப்பான் ஹனிசக்கிளுக்கும் முதன்முதலா அறிவியல் பேர் கொடுத்தது ஒரே ஆள், ஸ்வீடன்காரர் துன்பெர்க்.

வளர்ப்பு கஷ்டமில்லை. வேர் நிழல்ல, தலை வெயில்ல, இதுதான் சூத்திரம். அடியில இலைச்சருகு போட்டு ஈரம் காக்கணும். ஏற ஒரு மரமோ பந்தலோ வேணும். தழைச்சத்து உரத்தை அள்ளிக் கொட்டாதீங்க. இலை கொழுக்கும், அசுவினி வரும், பூ வராது. கவாத்து பண்ணறதா இருந்தா பூத்து முடிஞ்ச பிறகு. கோடையில் ரெண்டு கணு உள்ள பாதி முத்தின குச்சியை வெட்டி ஈர மணல்ல நட்டா வேர் விடும். அதைவிடச் சுலபம் பதியம்: கொடியை வளைச்சு ஒரு கணுவை மண்ணுல புதைச்சு கல்லை வெச்சுட்டா, தானே வேர் பிடிச்சுடும்.

எனக்குக் கிடைச்சதும் அப்படி ஒரு பதியம்தான். கொடியில ஒரு கிளை எப்பவோ வேலிக்கு அந்தப் பக்கம் விழுந்து, பாட்டி வீட்டு மண்ணுல தானாவே வேர் விட்டிருந்தது. நான் வெட்டின விஷயத்தைச் சொன்னப்போ பாட்டி கொஞ்ச நேரம் பேசலை. அப்புறம் உள்ளே போய் மண்வெட்டி எடுத்துட்டு வந்து, வேரோட ஒரு துண்டைப் பிரிச்சு என் கையில் கொடுத்தாங்க. அதே ஃபர் மரத்தடியில் வெச்சேன். ரெண்டு வருஷம் வெறும் இலை. மூணாவது மே மாசம் ரெண்டே ரெண்டு கொத்து. ஒரு காலையில் காப்பி டம்ளரோட நிக்கும்போது காதுக்குப் பக்கத்துல விர்ருனு ஒரு சத்தம். வந்துட்டான்! பாட்டியைக் கூப்பிடப் போறதுக்குள்ள பறந்துட்டான். ஆனா சாயங்காலம் மறுபடி வந்தான், பாட்டியும் பார்த்தாங்க.

புது வீட்டுக்குப் போறவங்க யாராவது இதைப் படிச்சா ஒரே ஒரு வேண்டுகோள். பின்னாடி பேர் தெரியாத கொடி எதாவது நின்னா, ஒரு மே மாசம் வரைக்கும் பொறுங்க. அப்புறம் கத்தரியைத் தேடலாம்.