ஊழியம்: பாறசாலை, நெய்யாற்றின்கரை எல்லை ஊர்களில் ஒரு சொல்லும் உடலுழைப்பின் மதிப்பும்

ஊழியம் என்ற சொல் மலையாளத்தில் கூலியில்லாத கட்டாய வேலையைக் குறிக்கும். பாறசாலையிலிருந்து சில கிலோமீட்டர் நடந்து தமிழ்நாட்டு எல்லையிலுள்ள களியக்காவிளையைத் தாண்டினால் அதே சொல் மதிப்புக்குரியதாகிவிடுகிறது. அரசு ஊழியர், வங்கி ஊழியர், தேவ ஊழியம் என்று தமிழ் அதை வழங்கும்போது இழிவின் சாயல் ஏதும் இல்லை. 1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடு, கல்குளம், தோவாளை, அகஸ்தீஸ்வரம் ஆகிய தாலுகாக்கள் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. நெய்யாற்றின்கரை தாலுகா கேரளத்தில் நின்றது. ஆனால் சொல்லின் பொருள் பிரிந்தது அந்த எல்லைக்கோட்டால் அல்ல. பிரிவு அதற்கு நூறாண்டுக்கும் முந்தியது. உடலுழைப்பை யார் யாருக்கு, எந்த நிபந்தனையில் தருவது என்ற வழக்கோடு பின்னியது.

எல்லையின் இருபுறமும் அடங்கியிருந்த பழைய திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இரண்டு கட்டுகள் இருந்தன. நாடார், ஈழவர் முதலிய சாதியார் சர்க்காருக்கும் கோயிலுக்கும் கூலியின்றிச் செய்ய வேண்டிய வேலை ஊழியம். உப்பும் நெல்லும் சுமப்பது, பனையோலை கொடுப்பது, யானைக்குத் தழை வெட்டுவது, பாதை போடுவது எல்லாம் அதில் அடங்கும். புலையரும் பறையரும் நில உடைமையாளரிடம் கட்டுண்டிருந்தது அடிமை. முன்னவர் தம் உழைப்பில் ஒரு பங்கை இழந்தார். பின்னவர் தம் ஆளையே இழந்தார். அடிமை தன்னை 'அடியன்' என்றே சொல்ல வேண்டும். தான் உண்பதைச் சோறு என்று சொல்லாமல் 'கரிக்காடி' என்று சொல்ல வேண்டும். நாட்டுக்குச் சோறிட்ட கைக்கு அந்தச் சொல் மறுக்கப்பட்டிருந்தது. இவ்விரு கட்டுகளையும் ஒன்றாக்கிப் பேசுவதால் ஆய்வில் பல குழப்பங்கள் நேர்ந்துள்ளன.

அவ்வாறு பேசியவர்களில் செல்வாக்கு மிக்கவர் சாமுவேல் மேட்டியர். 1859இல் திருவிதாங்கூருக்கு வந்த இந்த லண்டன் மிஷன் பாதிரியாரின் நூல்கள் 1871லும் 1883லும் வெளிவந்தன. அடிமைச் சாதியாரின் வாழ்க்கையை அவரளவு விரிவாக எழுதிய சமகாலத்தவர் அரிது. அந்தக் கடன் மறுக்கக்கூடியதன்று. ஆனால் அவர் காட்டும் வரலாற்றுக்கு ஒரே தடம்தான் உண்டு: துன்பம், மிஷனின் முறையீடு, அரச விளம்பரம், விடுதலை. 1815இல் பிரிட்டிஷ் ரெசிடெண்ட் கர்னல் மன்றோவின் செல்வாக்கால் கிறிஸ்தவர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை ஊழியத்திலிருந்து விலக்குக் கிடைத்தது. 1847இல் மிஷனரிகள் அடிமை ஒழிப்புக்காக மகாராஜாவிடம் மனு கொடுத்தனர். 1853, 1855 விளம்பரங்கள் அடிமை முறையை ஒழித்தன. இவை நடந்தவையே. இவற்றை ஒரே ஏணியின் படிகளாக அடுக்குவதில்தான் சிக்கல்.

1815 விலக்கையே எடுத்துக்கொள்ளலாம். அது ஊழியத்தை ஒழிக்கவில்லை. ஒரு சமயத்தாருக்கு வாரத்தில் ஒரு நாளை மட்டும் விலக்கியது. மற்ற ஆறு நாளும் ஊழியம் முறையானது என்பதை அதே விலக்கு உறுதி செய்தும் விட்டது. உழைப்புக்குக் கூலி வேண்டும் என்ற பேச்சு அதில் இல்லை. மேட்டியர் இதை விடுதலையின் தொடக்கமாகக் கொள்கிறார். சலுகையின் தொடக்கம் என்பதே பொருந்தும். இரண்டுக்கும் உள்ள வேறுபாடு 1829 விளம்பரத்தில் வெளிப்படுகிறது.

ராணி கௌரி பார்வதி பாய் 1829 பிப்ரவரி 3 அன்று வெளியிட்ட அந்த விளம்பரம், நாடார் பெண்களின் மேலாடை உரிமைக்கான தோள்சீலைக் கலக வரலாற்றில் எல்லோரும் எடுத்தாளும் ஆவணம். நாடார் பெண்கள் மேல்சீலை அணியக்கூடாது, குப்பாயம் என்ற சட்டை அணியலாம் என்ற பகுதியே மேற்கோளாக வரும். அதை அடுத்து வரும் விதியை ஆய்வாளர்கள் விரைந்து கடந்துவிடுகிறார்கள். ஊழியம் செய்து வந்தவர்கள் முன்போலவே செய்ய வேண்டும், கிறிஸ்தவருக்கு ஞாயிற்றுக்கிழமையும் கோயில் சார்ந்த வேலைகளும் மட்டும் விலக்கு என்பது அந்த விதி. அனுமதியின்றிப் பிரார்த்தனைக் கூடம் கட்டக்கூடாது என்றும் விளம்பரம் தொடர்கிறது.

சீலையும் சுமையும் ஒரே ஆணையில் ஏன் வந்தன? தற்செயலாகச் சேர்ந்தவை என்று கொள்ள இடமில்லை. தோளை மூடிய பெண் சுமைக்கு அழைத்தால் வரமாட்டாள் என்ற அச்சம் அதில் தெரிகிறது. உடை சாதியை அறிவித்தது. சாதி யாரை ஊழியத்துக்கு அழைக்கலாம் என்பதை அறிவித்தது. உடையில் ஐயம் வந்தால் அழைக்கும் அதிகாரம் ஆட்டம் காணும். விளம்பரத்தின் வாசகம் இவ்வளவையும் வெளிப்படையாகச் சொல்லவில்லை என்பது உண்மை. ஆனால் இரு விதிகளையும் ஒருங்கே படிக்காதவரை, மேல்சீலையை மானப் பிரச்சினையாக மட்டும் காணும் பழைய வாசிப்பு குறையுடையதாகவே இருக்கும். அது வேலைப் பிரச்சினையும்தான்.

சொல்லின் இரட்டை வாழ்க்கையும் இக்காலத்தில்தான் கூர்மையடைந்திருக்க வேண்டும். தமிழ் வேதாகமம் ஊழியம், ஊழியக்காரன் என்ற சொற்களைக் கடவுள் பணிக்கு வழங்குகிறது. அந்த வழக்கு தெற்குத் திருவிதாங்கூருக்குத் தமிழ் மிஷன் மரபின் வழியே வந்தது. வாரம் முழுதும் சர்க்காருக்கு ஊழியம் செய்தவர் ஞாயிற்றுக்கிழமை சபை உபதேசியாரின் வாயிலிருந்து அதே சொல்லை வேறு பொருளில் கேட்டார். மலையாள வேதாகமமோ அந்த இடங்களில் சுஸ்ரூஷ, தாசன் என்று எழுதுகிறது, ஊழியத்தைத் தொடவில்லை. மலையாளத்தில் சொல்லின் கறை போகவில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேட வேண்டியதில்லை. 1959இல் தென்னிந்தியத் திருச்சபையின் கன்னியாகுமரிப் பேராயம் தனியே அமைந்தபோது இரு வழக்குகளும் இரு பேராயங்களுக்கு உரியவையாகிப் போயின.

1855 விளம்பரத்துக்குப் பின்னும் சாலைகளும் நீதிமன்றங்களும் புலையருக்கு மூடிக் கிடந்ததை மேட்டியரே பதிவு செய்கிறார். அவருடைய தடத்தில் இதற்கு விளக்கம் இல்லை. விளக்கம் கூலியில் இருக்கிறது. விடுதலை பெற்றவருக்கு நிலம் கிடைக்கவில்லை. வல்லி என்ற நெற்கூலியைப் பழைய உடைமையாளரே அளந்தார். மாதவ ராவ் திவானாக இருந்த காலத்தில் (1858–1872) விரிவடைந்த மராமத்து வேலைகள் காசுக் கூலியைக் காட்டின. கைத்தொழிலுக்கு மதிப்பே இல்லாத நாடு என்றும் இதைச் சொல்ல முடியாது. நெய்யாற்றின்கரை தாலுகாவிலேயே உள்ள பாலராமபுரத்தில், பாலராம வர்மாவின் காலத்தில் (1798–1810) தமிழ்ச் சாலியர் குடியமர்த்தப்பட்டு அரண்மனைக்குத் துணி நெய்தனர். நெசவாளி வரவேற்கப்பட்ட அதே தாலுகாவில் உழவாளி வழியில் நடக்க முடியவில்லை. இழிவு கையுழைப்பில் இருந்ததன்று. வேலை செய்பவர் அதை மறுக்க முடியாத நிலையில் இருந்தது.

மறுப்பு வந்தது நெய்யாற்றின்கரை தாலுகாவின் வெங்ஙானூரிலிருந்து. அங்கே 1863இல் பிறந்த புலையர் தலைவர் அய்யன்காளி, 1893இல் தம் சாதியாருக்குத் தடை செய்யப்பட்ட பாதையில் வில்லுவண்டி ஓட்டினார். 1907இல் சாது ஜன பரிபாலன சங்கத்தை நிறுவினார். புலையர் பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்காவிட்டால் வயலில் இறங்குவதில்லை என்பதே அவர் தலைமையில் நடந்த வேலை நிறுத்தத்தின் குரல். வயல்களில் களை மண்டியது. நடவும் அறுப்பும் தெரியாத உடைமையாளர்கள் இறங்கிப் பார்த்தும் முடியவில்லை. பட்டினி நெருங்கியபோது, வீட்டுக்கு ஒருவரைப் படகில் சேர்த்துக்கொள்ள விழிஞ்ஞம் மீனவர்கள் முன்வந்தனர். மிஷனும் அரசும் இல்லாமல், ஓர் உழைக்கும் சாதி இன்னோர் உழைக்கும் சாதிக்குத் தோள் கொடுத்த இந்த ஏற்பாடே இப்பகுதியின் உழைப்பு வரலாற்றில் மிகவும் புதிய செய்தி. மேட்டியரின் தடத்தில் இதற்கு இடமே கிடையாது.

நிறுத்தத்தின் ஆண்டு பற்றி நூல்கள் ஒத்துப்போகவில்லை. 1907 என்று சிலரும் 1913ஐ ஒட்டி என்று வேறு சிலரும் எழுதுகின்றனர். சங்கம் தொடங்கிய ஆண்டு என்பது முதல் கணக்குக்குத் துணை. ஆனால் கோரிக்கையின் இயல்பு இரண்டாவதன் பக்கம் சாய்கிறது. பள்ளியில் சேர்க்க அரசாணை வந்தது 1910இல். ஆணை வருமுன் அரசை விட்டுவிட்டு உடைமையாளரை நெருக்குவதற்குக் காரணம் குறைவு. ஆணை வந்தபின் அதைத் தடுத்தவர்கள் அவர்களே. ஊரூட்டம்பலம் பள்ளியில் ஒரு புலையச் சிறுமியை அய்யன்காளி சேர்க்கச் சென்றதும் பள்ளி எரிக்கப்பட்டதும் இந்தத் தடுப்பின் உச்சம். மேலும் 1911இல் அவர் ஸ்ரீமூலம் பிரஜா சபைக்கு நியமிக்கப்பட்டுவிட்டார். 1913 சரியானால், சபையில் பேசும் உரிமை பெற்ற பின்பும் வயலில் வேலையை நிறுத்துவதே வலிமையான மொழி என்று அவர் கருதினார் என்றாகும். தனித்தனியே நடந்த இரு நிறுத்தங்கள் மக்கள் நினைவில் ஒன்றாகிவிட்டன என்று கொள்வதற்கும் இடமுண்டு. இக்கட்டுரை அந்த முடிவை நோக்கிச் சாய்கிறது, உறுதியாக நிறுவவில்லை.

சமரசத்துக்கு அமர்ந்தவர் கண்டலா நாகம் பிள்ளை என்ற மாஜிஸ்திரேட். ஒரு தலைமுறைக்கு முன்பு புலையருக்கு வாசலை மூடிய நீதித்துறையின் அலுவலர் ஒருவர், எந்த நிபந்தனையில் வேலைக்கு வருவீர்கள் என்று உழவாளிகளிடம் கேட்க வேண்டியிருந்தது. கூலி உயர்வும் பள்ளியும் பொதுவழியும் அங்கே பேசப்பட்டன.