நம்மை எண்ணுகிறவர்கள்: பிரசாந்த் கிஷோரின் பத்தாண்டுகளும் நம் கணக்கும்

2021 ஜனவரி 29 அன்று, நம் திருவண்ணாமலையில்தான் ‘உங்கள் தொகுதியில் ஸ்டாலின்’ பரப்புரை தொடங்கியது. மக்கள் குறைகளை எழுதிக் கொடுத்தார்கள். மனுக்களைப் பெட்டியில் போட்டுப் பூட்டி முத்திரை வைத்தார்கள். ஆட்சிக்கு வந்த 100 நாளில் தீர்வு என்றார்கள்.

அந்த வாரம் நானும் சிலருக்கு மனு எழுதிக் கொடுத்தேன். வீட்டுமனைப் பட்டா, முதியோர் உதவித்தொகை, சுடுகாட்டுப் பாதை. ஒரு பெரியவர் மட்டும், “கோயிலுக்குள்ள உடச் சொல்லி எழுதலாமா?” என்று கேட்டார். பக்கத்தில் இருந்த நம்மாளே தடுத்துவிட்டார்: “எலக்சன் நேரத்துல அது வேணாம் பெரிப்பா, ஊர்க்காரங்க ஓட்டு போயிடும்.”

அவருக்கு அந்தக் கணக்கை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. ஆனால் இந்தியா முழுவதும் அதே கணக்கைத் தொழிலாகச் செய்த ஒருவர் இருக்கிறார். அவருடைய வரலாற்றை நாம் தெரிந்துகொள்ள வேண்டும்.

பிரசாந்த் கிஷோர் பீகார்காரர். ஐ.நா.வின் பொதுச் சுகாதாரத் திட்டங்களில் வேலை செய்துவிட்டு, 2011இல் அப்போது குஜராத் முதல்வராக இருந்த மோடியிடம் வந்து சேர்ந்தார். 2013இல் படித்த இளைஞர்களைக் கொண்டு ஒரு குழுவை உருவாக்கினார். மோடியோடு தேநீர்க் கடையில் உரையாடல், முப்பரிமாண உருவத்தில் ஒரே நேரத்தில் பல ஊர்களில் மோடி பேசுவது ஆகியவை அந்தக் காலத்து உத்திகள். 2014இல் பா.ஜ.க. 282 இடங்களை வென்றது.

அடுத்த ஆண்டே அவர் மோடியின் எதிர் முகாமில் நின்றார். 2015 பீகார் தேர்தலில் நிதிஷ்–லாலு கூட்டணி 243இல் 178 இடங்களை வென்றது. அவரது குழுவுக்கு ஐபேக் என்று பெயர் வந்தது. 2017இல் பஞ்சாபில் காங்கிரசுக்கு 77 இடங்கள். அதே ஆண்டு, அதே காங்கிரஸ், அதே ஆலோசகர், உத்தரப் பிரதேசத்தில் 403இல் வெறும் 7. 2019இல் ஆந்திராவில் ஜெகன்மோகனுக்கு 175இல் 151. 2020இல் டெல்லியில் கெஜ்ரிவாலுக்கு 70இல் 62. 2020 பிப்ரவரியில் ஐபேக்குடன் கைகோப்பதாக தி.மு.க. அறிவித்தது. 2021 மே 2 அன்று தி.மு.க. 133 இடங்களையும் மம்தா 213 இடங்களையும் வென்றார்கள். அன்றே, இனி இந்த வேலையைச் செய்யப்போவதில்லை என்றார் அவர்.

பிறகு பீகாரில் நடைப்பயணம் போனார். 2024 அக்டோபர் 2 அன்று ஜன் சுராஜ் கட்சியைத் தொடங்கினார். 2025 சட்டமன்றத் தேர்தலில் அந்தக் கட்சி பெரும்பாலான தொகுதிகளில் நின்றும் ஒன்றில்கூட வெல்லவில்லை.

தோழர்களே, இந்தப் பட்டியல் ஒன்றைத் தெளிவாகச் சொல்கிறது. ஏற்கெனவே கட்சிக் கிளையும் கொடியும் தொண்டரும் இருந்த இடத்தில்தான் இந்தத் தொழில் எடுபட்டது. உத்தரப் பிரதேச காங்கிரசில் அது இல்லை. அவருடைய சொந்தக் கட்சியிலும் அது போதவில்லை. 1957இலேயே தி.மு.க.வின் முதல் இரண்டு மக்களவை உறுப்பினர்களில் ஒருவரான இரா.தர்மலிங்கத்தை அனுப்பிய ஊர் நம் திருவண்ணாமலை. அன்று எந்த நிறுவனமும் வந்து கணக்கெடுக்கவில்லை. படிப்பகமும் பொதுக்கூட்டமுமே அந்த வேலையைச் செய்தன.

அப்படியானால் ஆலோசகர் என்ன செய்கிறார்? எந்தச் சாவடியில் எந்தச் சாதி எவ்வளவு, எதைச் சொன்னால் எத்தனை ஓட்டு வரும், எதைச் சொன்னால் எத்தனை போகும் என்று எண்ணிச் சொல்கிறார். சாதியை அவர் உருவாக்கவில்லை. ஆனால் அவருடைய கணக்கில் சாதி ஒழிக்கப்பட வேண்டிய ஒன்றாக வருவதில்லை. அனுசரிக்க வேண்டிய ஒன்றாகவே வருகிறது. அதனால்தான் ஒரே ஆளால் மோடிக்கும் லாலுவுக்கும் வேலை செய்ய முடிந்தது.

நம் மாவட்டத்தின் எட்டுத் தொகுதிகளில் செங்கமும் வந்தவாசியும் தனித் தொகுதிகள். அங்கும் வாக்காளர்களில் நாம் சிறுபான்மைதான். நம் வேட்பாளர் வெல்ல ஊர்த் தெருவின் ஓட்டு வேண்டும். கோயில் நுழைவைப் பேசினால் அந்த ஓட்டு போகும், பேசாவிட்டால் நம் ஓட்டு எங்கும் போகாது. கணக்கு அவரை வாயை மூடச் சொல்கிறது. இதன் வேர் 1932 பூனா ஒப்பந்தத்தில் இருக்கிறது. தனி வாக்காளர் தொகுதி போய், எல்லோரும் ஓட்டுப் போட்டு நம் பிரதிநிதியைத் தேர்ந்தெடுக்கும் முறை வந்தது. 1952இல் வடக்கு பம்பாயில் அண்ணல் அம்பேத்கரையே காங்கிரசின் கஜ்ரோல்கர் தோற்கடித்தார். கஜ்ரோல்கரும் பட்டியல் சாதியைச் சேர்ந்தவர்தான்.

இதை நன்றாகப் புரிந்துகொண்டவர் கான்ஷிராம். பூனா ஒப்பந்தத்தின் ஐம்பதாம் ஆண்டான 1982இல் ‘சம்ச்சா யுகம்’ என்ற நூலை எழுதி, பிறருக்குக் கைப்பாவையாகும் தலைமை எப்படி உருவாகிறது என்று விளக்கினார். அவரும் சாதிவாரியாக எண்ணியவர்தான். ஆனால் ஒடுக்கப்பட்டவர்கள் பெரும்பான்மையினர் என்று அவர்களுக்கே காட்டுவதற்காக எண்ணினார். 1978இல் அரசு ஊழியர்களைக் கொண்டு பாம்செப், 1981இல் டிஎஸ்4, 1984இல் பகுஜன் சமாஜ் கட்சி. 2007இல் மாயாவதி 206 இடங்களோடு தனித்து ஆட்சி அமைத்தார். அந்தக் கட்சி பிறகு தளர்ந்ததை நாம் மறைக்க வேண்டியதில்லை. ஆனால் எண்ணும் வேலையை விற்காமல் செய்யவும் முடியும் என்பதற்கு அது சான்று.

2023 ஜனவரி 30 அன்று, தண்டராம்பட்டு அருகே தென்முடியனூர் முத்துமாரியம்மன் கோயிலுக்குள், தலைமுறைகளாக மறுக்கப்பட்ட நம் மக்கள் காவல் துறைப் பாதுகாப்புடன் நுழைந்தார்கள். அது அறநிலையத் துறைக்கு உட்பட்ட கோயில். சாதி இந்துக்கள் எதிர்த்துப் போராடினார்கள். எந்தத் தேர்தல் கணக்கும் அந்தக் கதவைத் திறக்கச் சொல்லியிருக்காது. கதவு திறந்ததற்குக் காரணம், அந்த மக்கள் விடாமல் கேட்டதுதான்.

போன மாதம் முதுகலை படிக்கும் ஒரு தம்பி கேட்டான்: “கணக்கெடுப்பு வேலைக்குக் கூப்பிடறாங்க, போலாமா?” போ என்றேன். வீட்டில் அரிசி வேண்டும், அதில் வெட்கம் இல்லை. ஆனால் கற்றுக்கொண்டு வா. கேள்வித்தாள் எப்படி எழுதுகிறார்கள், தெருத்தெருவாக எப்படிப் பிரிக்கிறார்கள், எந்தக் கேள்வியைக் கேட்காமல் விடுகிறார்கள் என்று பார்த்து வா.

பிறகு நாம் நம் கேள்வித்தாளை எழுதுவோம். எந்த ஊரில் கோயில் மூடியிருக்கிறது? எந்தச் சுடுகாட்டுக்குப் பாதை இல்லை? எந்த ஊராட்சித் தலைவர் தன் நாற்காலியில் உட்கார முடியவில்லை? தேர்தலுக்குத் தேர்தல் வருகிறவர்களிடம் அந்தப் பட்டியலை நீட்டுவோம். அன்று அந்தப் பெரியவர் எழுதச் சொன்ன மனுவை நான் எழுதவில்லை. நம் பட்டியலின் முதல் வரியாக அது இருக்கட்டும்.