கொடியைத் தொங்கவிட்டா ஆள் வந்துருமா?

டெராரியா விளையாடினவங்களுக்கு இந்தக் காட்சி நல்லாத் தெரியும். இரத்த நிலா ராவு. ஸொம்பிகள் கதவையே திறந்து உள்ளே வருது. விடியப் பார்த்தா ஊர்த் தாதி செத்துப்போயிருக்கா. பதறத் தேவையில்லை. அவ இருந்த அறை சரியா இருந்தா, கொஞ்ச நேரத்தில இன்னொரு தாதி வந்து சேருவா. அதே உடுப்பு, அதே வேலை. பேர் மட்டும் வேற.

"அப்ப பழைய ஆள் எங்க?" என்று சாச்சிட மகன் ஒருநாள் கேட்டான். விளையாட்டுல அப்படித்தான் என்று சொல்லிவிட்டேன். ஆனா கேள்வி போகவில்லை. ஏனென்றால் நாங்கள் இருப்பது அம்பாறைக் கரையில். ஒரே காலையில் ஆயிரக்கணக்கானோரை இழந்து, பிறகு பல வருசம் "வீடு" என்ற ஒரே சொல்லைச் சுற்றியே பேசிக்கொண்டிருந்த கரை இது.

முதலில் விளையாட்டின் சட்டம். 2011 மே மாதம் வெளிவந்த டெராரியாவில் ஊராட்கள் வந்து குடியேற ஒரு முக்கிய நிபந்தனை உண்டு: அவர்களுக்கென்று வெறுமையான ஒரு வீடு இருக்க வேண்டும். குறைந்தது 60 கட்ட அளவு, பின்சுவர், கதவு, விளக்கு, மேசை, கதிரை. ஏதும் குறைந்தால் கேள்விக்குறிப் பொத்தான் காட்டிக்கொடுக்கும். எல்லாம் சரி என்றால் அந்த ஆளின் படம் போட்ட கொடியைச் சுவரில் தொங்கவிடலாம். ராவானதும் அவர் அங்கே வந்து நிற்பார். அவரிடம் யாரும் கேட்பதில்லை, அவரும் மறுப்பதில்லை.

வீட்டைக் கட்டு, ஆள் தானாக வரும். மீள்குடியேற்றம் பற்றிய ஒரு முழுக் கோட்பாடு இது. இதே கோட்பாட்டை இலங்கையும் நன்கொடை நாடுகளும் எங்கள் கரையில் நிஜமாகவே பரீட்சித்துப் பார்த்தன.

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. கடல் வந்த நாள். இலங்கையில் ஆகக் கூடுதலான உயிரிழப்பு அம்பாறை மாவட்டத்தில்தான். 10,000க்கும் மேற்பட்டோர் போனார்கள். மருதமுனை, பாண்டிருப்பு, கல்முனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர் என்று முஸ்லிம் ஊரும் தமிழ் ஊரும் மாறி மாறி, வேலியோடு வேலி ஒட்டிய கரை. கிழக்கே கடல், மேற்கே வயல். நடுவில் ஒரு ஒடுங்கிய மணல் துண்டில்தான் அத்தனை சனமும். அதனால்தான் இழப்பும் அவ்வளவு. அதனால்தான் பிறகு வந்த பிரச்சினையும் அவ்வளவு.

2005இன் தொடக்கத்தில் அரசாங்கம் கரையோரத் தடைவலயம் ஒன்றை அறிவித்தது. தெற்கிலும் மேற்கிலும் 100 மீற்றர், வடக்கிலும் கிழக்கிலும் 200 மீற்றர். அதற்குள் வீடு கட்டக் கூடாது. வரைபடத்தில் இது ஒரு கோடு. எங்கள் ஊர்களில் அந்தக் கோட்டை இழுத்தால் வீடு, பள்ளிவாசல், பாடசாலை என்று ஊரில் ஒரு பெரும்பகுதியே உள்ளே போய்விடும். எதிர்ப்பு வந்தது, தூரம் தளர்ந்தது, கடைசியில் அம்பாறைக் கரையில் 65 மீற்றர் என்ற கணக்கு நிலைத்தது. அந்த இலக்கம் இப்போது ஒரு முகவரி. மருதமுனையில் "65 மீற்றர் வீட்டுத்திட்டம்" என்று சொன்னால் முச்சக்கரவண்டிக்காரர் நேரே கொண்டுபோய் விடுவார். கடற்கரையில் எதை இழந்தார்களோ அந்த அளவையே பேராக வைத்துக்கொண்டு மேட்டுவட்டையில் வாழ்கிறார்கள். வட்டை என்றால் வயல்வெளி. குடியிருக்கக் காணி இல்லாத ஊருக்குப் போவதற்கு வயல் பக்கம்தான் இருந்தது.

சாய்ந்தமருதில் பொலிவேரியன் கிராமம் வந்தது. கல்முனையில் கிறீன் பீல்ட் தொடர்மாடி வந்தது. தென்னமெரிக்கா எங்கே, சாய்ந்தமருது எங்கே! ஆனாலும் பெயர் ஒட்டிக்கொண்டது. சுவர், கதவு, விளக்கு, மேசை, கதிரை எல்லாம் சரி. ஆனால் தோணி கரையில் கிடக்க, கரைவலை இழுப்பவர் மாடிப்படியில் இறங்கி வர வேண்டும். வலை காயப்போட முற்றம் இல்லை, கோழி வளர்க்க வளவு இல்லை. கேள்விக்குறிப் பொத்தான் இதையெல்லாம் காட்டாது.

அது காட்டாத இன்னொன்று இருக்கிறது. இந்த வீடு யாருடையது?

எங்கள் கரையில் வீடு பொம்பிளைப் பிள்ளைக்குத்தான். முஸ்லிம் என்றாலும் தமிழர் என்றாலும் கிழக்கில் இதுதான் வழமை. தாய்வழிக் குடி முறையும் மகளுக்கு வீடு கொடுத்து மருமகனைக் கூட்டிவரும் பழக்கமும் மட்டக்களப்பு, அம்பாறைக் கரையில் ஊறியது. சீதனச் சுமை, அதற்காக வாப்பாமாரும் காக்காமாரும் வெளிநாட்டில் உழைத்துத் தேய்வது, அந்த அநியாயத்தை மறைக்கத் தேவையில்லை. ஆனால் அதன் மறுபக்கமும் உண்மை: உறுதி பெண்ணின் பெயரில் இருந்தது. புருசன் போனாலும் கூரை போகாது.

சுனாமி வீடு கொடுக்கும்போது விண்ணப்பத்தில் "குடும்பத் தலைவர்" என்றொரு பெட்டி இருந்தது. வழக்கமாக அதில் ஆணின் பெயர்தான் ஏறும். கடற்கரையில் உம்மாவின் பெயரில் இருந்த வளவு கடலோடு போக, அதற்குப் பதிலாக வந்த வீடு வாப்பாவின் பெயரில் வந்தது. கிழக்கின் பெண்கள் அமைப்புகள் இதை எதிர்த்து, கூட்டு உரிமை கேட்டுப் போராடின. அரச காணி விசயத்தில் இந்தச் சாய்வு புதிதும் அல்ல. குடியேற்றத் திட்டங்களுக்கு அடிப்படையான 1935ஆம் ஆண்டுக் காணி அபிவிருத்திச் சட்டம் வாரிசுரிமையில் ஆண்பிள்ளைக்கே முன்னுரிமை கொடுத்தது. அது திருத்தப்பட்டது 2022இல்தான்.

இனி நுரைச்சோலை. அக்கரைப்பற்றுப் பக்கம் சவூதி அரேபியாவின் நிதியில் 500 வீடுகள் கட்டப்பட்டன. வீடு மட்டுமில்லை, பாடசாலை, வைத்தியசாலை, பள்ளிவாசல், சந்தை என்று ஒரு முழு ஊர். டெராரியாக் கணக்கில் நூற்றுக்கு நூறு. ஆனால் கொடி தொங்கவிட முடியவில்லை. பாதிக்கப்பட்ட முஸ்லிம்களுக்கென்று திட்டமிட்ட இந்த வீடுகளை ஒரு சமூகத்துக்கு மட்டும் கொடுப்பது பிழை என்று வழக்கு வந்தது. 2009இல் உயர் நீதிமன்றம், இன விகிதாசாரம் பார்த்து எல்லாச் சமூகங்களுக்கும் பகிர வேண்டும் என்றது. அதன்பின் பத்து வருசத்துக்கும் மேலாக அந்த ஊர் ஆளில்லாமல் கிடந்தது. காடு மண்டியது, பொருத்திய சாமான்கள் களவுபோயின.

மற்றப் பக்கத்தையும் கேட்கத்தான் வேண்டும். காசு சவூதியுடையது என்றாலும் காணி அரச காணி. சுனாமி முஸ்லிமை மட்டும் அடிக்கவில்லை. இது நியாயமான வாதம். ஆனால் பங்கிட வேண்டியது பாதிப்பின் அளவிலா, சனத்தொகை விகிதத்திலா? கடலே வராத ஊர்களையும் சேர்த்து எண்ணினால் கணக்கு வேறு மாதிரி வரும். அந்தச் சண்டையில் வருசக்கணக்காக எந்தச் சமூகத்து அகதிக்கும் வீடு கிடைக்கவில்லை.

இந்த மாவட்டத்தில் வீடு என்றால் ஏன் உடனே விகிதாசாரம் வருகிறது? அதற்கு இன்னும் பின்னுக்குப் போக வேண்டும். 1949இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. இங்கினியாகலையில் அணை, சேனாநாயக்க சமுத்திரம், கீழே இலக்கமிட்ட கொலனிகள். ஒவ்வொன்றிலும் வீடும் வயலும். வெளி மாவட்டங்களிலிருந்து கொண்டுவரப்பட்ட குடியேறிகளில் பெரும்பாலானோர் சிங்களவர். 1961இல் மட்டக்களப்பிலிருந்து அம்பாறை தனி மாவட்டமாகப் பிரிந்தது. வந்த ஏழை விவசாயியைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. அவருக்கும் வயல் தேவைதான். ஆனால் யாருக்கு எங்கே வீடு என்று தீர்மானிப்பவர் தேர்தலையும் எல்லையையும் சேர்த்தே தீர்மானிக்கிறார் என்ற பாடத்தை எல்லாச் சமூகமும் அன்றைக்கே படித்துக்கொண்டது. கொடியைத் தொங்கவிடும் கை இங்கே எப்போதும் சும்மா இருந்ததில்லை. நுரைச்சோலை வழக்கில் எல்லாத் தரப்பும் பயந்தது அந்தக் கைக்குத்தான் என்று நினைக்கிறேன்.

டெராரியாவுக்கே இந்தப் பாடம் பிந்தித்தான் விளங்கியது. 2020 மே மாதம் வந்த 1.4 பதிப்பில் ஊராட்களுக்கு "சந்தோசம்" என்றொன்றைச் சேர்த்தார்கள். கடலோரத்தில் கண்டெடுக்கும் தூண்டில்காரப் பொடியனுக்குக் கடல்தான் விருப்பம். பாலைவனத்தில் விட்டால் முறைப்பாடு. பிடிக்காத அயலவரை வைத்தாலும் முறைப்பாடு. நெருக்கி அடைத்தால் கடைக்காரர் விலையைக் கூட்டுவார். முன்னர் சுவரையும் கதவையும் மட்டும் எண்ணிய விளையாட்டு, இடத்தையும் அயலையும் எண்ணத் தொடங்கியது. ஒன்பது வருசம் எடுத்தது. எங்கள் வீட்டுத்திட்டங்களில் குடியிருப்போரிடம் "கடல் எவ்வளவு தூரம், அயலில் யார், உறுதி யாருடைய பெயரில்" என்று கேட்கும் பதிப்பு இன்னும் வெளிவரவில்லை.

சாச்சிட மகனின் கேள்விக்கு இப்போது ஒரு பதில் இருக்கிறது. பழைய ஆள் வரமாட்டார். எந்த வீடு கட்டினாலும் வரமாட்டார். மேட்டுவட்டையில் இருக்கும் ஒரு மூத்தம்மாவிடம் கேட்டால், கடற்கரையில் எந்த வளவுக்குப் பக்கத்தில் யாருடைய வளவு, எந்த வாசலில் முருங்கை, எந்த மகளுக்கு எந்தத் துண்டு எழுதியது என்று வரிசையாகச் சொல்வா. 65 மீற்றருக்குள் இருந்த ஊரின் வரைபடம் இன்றைக்கு அவங்களின் வாயில்தான் இருக்கிறது. ஒரு கொப்பியும் பேனையும் எடுத்துக்கொண்டு இந்தக் கிழமையே போங்க. பேர்களை எழுதுங்க.

விளையாட்டுல பேர் மாறிப் போனா யாரும் கவனிக்கிறதில்லை. நமக்கு அப்படி இருக்க ஏலாது.