தெதுரு ஓயாவுக்கு மேலே ஓர் இரும்புப் பாலம்

நாம் மாணவராயிருந்த காலத்தில் புத்தளம் புகையிரதத்தில் பலமுறை பயணம் செய்ததுண்டு. சிலாபத்தை விட்டு வடக்கே புறப்பட்ட சிறிது நேரத்துக்குள் வண்டியின் ஓசை மாறும். தண்டவாளத்தின் அடியிலிருந்து மண் விலகி, இரும்பு முழங்கும். கீழே தெதுரு ஓயா. பங்கதெனியாவுக்கும் முந்தலுக்கும் பாலாவிக்கும் செல்வோர் அதைக் கணத்தில் கடந்துவிடுவர். ஆனால் அந்தக் கணத்தை வாங்குவதற்கு இந்நாட்டு மக்கள் கொடுத்த விலை எவ்வளவு? நம் பாடநூல்கள் இக்கேள்வியை எழுப்பியதில்லை. தேசாதிபதி இன்னார் பாதை அமைத்தார், இன்னார் பாலம் கட்டினார் என்ற பட்டியலே வரலாறாக நமக்கு ஊட்டப்பட்டது.

இக்கரையோரம் ஆறுகளால் வெட்டுண்ட நிலம். தெற்கெல்லையில் மகா ஓயா, இடையில் ஜின் ஓயா, சிலாபத்தருகே தெதுரு ஓயா, புத்தளத்தருகே மீ ஓயா, வடக்கே கலா ஓயா. மழை பொய்த்த மாதங்களில் மணற்பரப்பாகக் கிடக்கும் இவை, ஐப்பசி கார்த்திகையில் கரைபுரளும். ஒல்லாந்தர் இதனை உணர்ந்தே ஆறுகளையும் களப்புகளையும் இணைத்துக் கொழும்பிலிருந்து புத்தளம் வரை நீர்வழி கண்டனர். அவர்களுடைய குறி கறுவாவும் பாக்கும் உப்பும். ஆங்கிலேயர் வந்தபின் நீர்வழியோடு நிலவழியும் வேண்டியதாயிற்று. எனினும் ஆற்றைக் கடக்க நெடுங்காலம் ஓடமே கதி. துறைகளின் வரி குத்தகைக்கு விடப்பட்டது. குத்தகைக்காரர் செல்வராயினர், சந்தைக்கு மரக்கறி சுமந்து செல்லும் பெண் காசைத் தேடி மடியை அவிழ்த்தாள்.

பாதைகளின் கதை இதனினும் கொடிது. 1848இல் டொரிங்டன் பிரபுவின் ஆட்சியில் பிறந்த பாதைச் சட்டம், பதினெட்டுக்கும் ஐம்பத்தைந்துக்கும் இடைப்பட்ட ஆண்மகன் ஒவ்வொருவனும் ஆண்டுக்கு ஆறு நாள் பாதை வேலை செய்யவேண்டும், இன்றேல் மூன்று ஷில்லிங் கட்டவேண்டும் என்றது. அவ்வாண்டிலேயே மாத்தளையிலும் குருநாகலிலும் மக்கள் கிளர்ந்தெழுந்தனர். புரான் அப்பு கண்டியில் சுட்டுக் கொல்லப்பட்டார். குருநாகல் தெதுரு ஓயாவின் மேற்பகுதி நாடு என்பதை நம் மாணவர்க்கு நினைவூட்டுதல் தகும்: அந்த மக்களின் வயல்களைக் கடந்துவரும் நீரே சிலாபத்தில் கடலைச் சேருகிறது. கிளர்ச்சி அடங்கியது, தலைவரி அடங்கவில்லை. 1920களின் தொடக்கத்தில் ஏ. ஈ. குணசிங்கவும் அவர் தோழர்களும் அதை எதிர்த்துப் போராடவேண்டியிருந்தது.

புகையிரதம் இந்நாட்டுக்கு வந்தது கோப்பிக்காக. 1867இல் கண்டியை எட்டிய பாதை தோட்டத் துரைமாரின் பாதையே. கரையோரத்தின் முறை வந்தபோது தெங்கு அந்த இடத்தைப் பிடித்திருந்தது. றாகமையிலிருந்து பிரிந்த பாதை 1909இல் நீர்கொழும்பையும் 1916இல் சிலாபத்தையும் அடைந்தது. ஐரோப்பாவின் சவர்க்காரத்துக்கும் மாஜரினுக்கும் தேங்காய் நெய் தேவைப்பட்டது; போரின்போது நெய்யிலிருந்து கிடைக்கும் கிளிசரின் வெடிமருந்துக்கும், சிரட்டைக் கரி நச்சுவாயு முகமூடிக்கும் போயின. மாதம்பையில் தேங்காய் உரித்தவனுக்கு அந்தப் போர்க்களம் எத்திசையில் இருந்ததென்றும் தெரிந்திராது.

சிலாபத்தில் நின்ற பாதை புத்தளத்தை அடைய மேலும் பத்தாண்டுகள் சென்றன: 1926. இடையிலே கிடந்தது இந்த ஆறு. குடியேற்ற நாடுகளின் பாலத்துக்கான இரும்பு, இலண்டனிலிருந்த முடியரசு முகவர் வழியே பிரித்தானிய ஆலைகளில் வாங்கப்பட்டது. போர் ஆண்டுகளில் அவ்வாலைகள் பீரங்கிக்கும் கப்பலுக்கும் உழைத்தன. சிலாபத்து ஆறு காத்திருக்க வேண்டியதே. உண்மையில் அக்காலப் பாலங்கள் எஃகாலானவை. ஆனால் மக்கள் வாயில் அது இரும்புப் பாலந்தான்; நாமும் அப்படியே வழங்குவோம்.

பாதையைத் தொடர்ந்து நிலத்தின் கதையும் சொல்லப்படவேண்டும். 1897ஆம் ஆண்டின் தரிசு நிலச் சட்டம், உரிமைப் பத்திரம் காட்ட முடியாத குடியானவனின் சேனையையும் காட்டையும் முடிக்குரியதாக்கிற்று. அதை எதிர்த்து நின்றவர்களுள் சார்ள்ஸ் எட்கார் கொறயாவும் சிலாபச் சங்கத்தினரும் குறிப்பிடத்தக்கவர்கள். அவர்களும் நிலவுடைமையாளரே என்பதை நாம் மறக்கவேண்டியதில்லை, மறைக்கவும் வேண்டியதில்லை. 1927 நவம்பரில் காந்தியடிகள் சிலாபம் வந்தபோது வரவேற்றவர்களும் கொறயா குடும்பத்தினரே. வடக்கே புத்தளத்து உப்பும் அரசின் தனியுரிமையாயிருந்தது. வெயிலில் தானாய் விளைந்த உப்பை அள்ளுவதே குற்றம்! அதை ஏற்றிச் செல்லவும் பாலம் பயன்பட்டது.

ஆற்றுமணலில் தூண் நிறுத்துவது எளிதன்று. இத்தகைய படுகைகளில் வழக்கமான முறை, கிணறு போன்ற வட்டக் கட்டொன்றைக் கட்டி, அதனுள்ளே ஆட்களை இறக்கி மணலை அகழ்ந்து வெளியேற்றுவது. மணல் குறையக் குறையக் கட்டு தன் பாரத்தாலேயே கீழிறங்கும். கடினத் தரை தட்டுப்பட்டதும் உள்ளே கற்காரையிட்டு நிரப்புவர். ஊற்றுநீர் கழுத்தளவு வரும், மண் சரியும். இலங்கைப் புகையிரதப் பாதைகளில் இவ்வேலைகளுக்கு வந்தவர்களுட் பெருந்தொகையினர் தென்னிந்தியக் கூலிகள். அவர்களின் உழைப்பு கணக்கேட்டில் கூலித்தொகையாக எஞ்சியது; பெயர்கள் எஞ்சவில்லை. 1912இலும் 1923இலும் கொழும்பில் புகையிரதத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் இறங்கியபோதுதான் இரும்புக்குப் பின்னால் மனிதர் இருப்பதை ஆட்சியாளர் உணர்ந்தனர்.

அன்று மணலை அகழ்ந்தது தூணை ஊன்றுவதற்கு. இன்றோ கட்டட முதலாளிகளின் இலாபத்துக்காகத் தெதுரு ஓயாவிலும் மகா ஓயாவிலும் மணல் அள்ளப்படுகிறது. மணல் போனால் ஆற்றின் படுகை தாழ்கிறது. உப்புநீர் உள்ளே ஏறிக் கிணறுகள் கெடுகின்றன. கடலுக்கு மணல் செல்லாமையால் கரை அரிக்கப்படுகிறது. பாலங்களின் அத்திவாரம் வெளிப்படும் ஆபத்தும் உண்டு. 2014இல் திறக்கப்பட்ட தெதுரு ஓயா நீர்த்தேக்கமும் மேலிருந்து வரும் மணலைத் தன்னுள் தேக்கவே செய்யும்.

வரலாற்றுப் பாடத்துக்கென நம் மாணவர் சிலரை ஒருமுறை ஆற்றங்கரைக்கு அழைத்துச் சென்றோம். பாலம் கட்டிய ஆண்டை எழுதிக்கொள்ளவே அவர்கள் குறிப்பேடு கொணர்ந்திருந்தனர். எதிர்க்கரையில் மணல் ஏற்றிக்கொண்டிருந்த இளைஞர்களைக் காட்டி ஒரு மாணவி கேட்டாள்: “இவர்களுக்கு ஒரு நாட்கூலி எவ்வளவு, சேர்?” நமக்கு விடை தெரியவில்லை. அவர்களிடமே கேட்டுவர இருவரை அனுப்பினோம்.