நாட் எ லவ் ஸ்டோரி (ஆவணப்படம்)

‘நாட் எ லவ் ஸ்டோரி’ (இது காதல் கதை அன்று) என்பது ஆபாசப்படத் தொழிலை ஆராய்ந்து 1981-இல் வெளிவந்த கனடிய ஆவணப்படமாகும். பானி ஷெர் கிளைன் இயக்கிய இப்படம், பெண்ணியத் திரைப்பட வரலாற்றில் மிகுந்த விவாதத்தை எழுப்பிய படங்களுள் ஒன்று.

பின்னணி

கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் 1974-இல் ‘ஸ்டூடியோ டி’ என்னும் பிரிவைத் தொடங்கியது. கேத்லீன் ஷானன் இதன் முதல் தலைவர். அரசு நிதியில் பெண்களுக்கென்றே உலகில் அமைந்த முதல் திரைப்படப் பிரிவாக இது கருதப்படுகிறது. மூன்று ஆஸ்கர் விருதுகளைப் பெற்ற இப்பிரிவு 1996-இல் மூடப்பட்டது. கிளைனின் படம் இங்குத்தான் உருவானது. அக்கம்பக்கத்துக் கடையில் ஆபாச இதழ்கள் தம் சிறு மகளின் கண்ணில் படும்படி வைக்கப்பட்டிருந்ததே அவரை இம்முயற்சிக்குத் தூண்டியது.

உள்ளடக்கம்

மாண்ட்ரியலில் ஆடை அவிழ்ப்பு நடனம் ஆடிவந்த லிண்டாலீ டிரேசியும் கிளைனும் இத்தொழில் நடக்கும் இடங்களுக்குச் சேர்ந்து செல்கின்றனர். அங்கு வேலை செய்வோரிடமும் தொழில் நடத்துவோரிடமும் பேசுகின்றனர். ராபின் மார்கன், கேட் மில்லெட், சூசன் கிரிஃபின் முதலிய எழுத்தாளர்களும் கருத்துரைக்கின்றனர். தொடக்கத்தில் தம் தொழிலுக்காக வாதாடும் டிரேசி, முடிவில் மனம் மாறுவதாகப் படம் காட்டுகிறது.

தடை

ஆபாசத்தைக் கண்டிக்க எடுத்த படமே ஆபாசமெனக் கருதப்பட்டது. தொழிலின் இயல்பை உணர்த்த அதன் காட்சிகளைக் காட்டியதால், ஒன்டாரியோ மாநிலத் தணிக்கை வாரியம் படத்தைத் திரையரங்குகளில் திரையிட அனுமதி மறுத்தது. தணிக்கையைப் பெண்ணியத்தின் துணையாகக் கொள்ளலாமா என்ற கேள்வி இதனால் கூர்மை பெற்றது.

விமர்சனம்

பெண்ணியவாதிகளும் ஒருமித்து வரவேற்கவில்லை. கண்டிக்கும் காட்சிகளையே குற்றவுணர்வின்றிப் பார்க்க இப்படம் வழிவிடுகிறது என்று திறனாய்வாளர் பி. ரூபி ரிச் எழுதினார். படம் தம்மைச் சித்திரித்த விதத்தை டிரேசியே பின்னர் ஏற்கவில்லை. 1997-இல் வெளியான தம் நினைவுநூலில் அதைக் கடுமையாக விமர்சித்தார். பெண்களைப் பொருளாக்குவதை எதிர்த்த படத்தில், ஒரு பெண்ணின் வாழ்க்கை பிறர் கருத்துக்குச் சான்றாக்கப்பட்டதா என்பது இன்றும் விவாதிக்கப்படுகிறது.

சட்டத்தில் எதிரொலி

1992-இல் பட்லர் வழக்கில் கனடிய உச்ச நீதிமன்றம், ஆபாசத்தை ஒழுக்கக்கேடு என்ற அளவுகோலால் அன்றி, அது விளைவிக்கும் தீங்கைக் கொண்டு மதிப்பிட வேண்டும் எனத் தீர்ப்பளித்தது. பெண்களை இழிவுபடுத்துவதும் தீங்கே என ஏற்றது. பெண்ணியச் சட்ட அமைப்பான லீஃப் இவ்வழக்கில் வாதிட்டிருந்தது. ஆனால் அதே ஆண்டில் டொராண்டோவின் கிளாட் டே புத்தகக் கடைமீது, தன்பால் ஈர்ப்புடைய பெண்களின் இதழ் ஒன்றை விற்றதற்காக வழக்குத் தொடரப்பட்டது. பெண்களைக் காக்கக் கேட்ட சட்டம் பெண்களின் இதழ்மீதே பாய்ந்தது.

கேமராவின் முன் நின்ற டிரேசி, பிற்காலத்தில் எழுத்தாளராகவும் ஆவணப்பட இயக்குநராகவும் புகழ்பெற்றார். அவர் 2006-இல் காலமானார்.