முன் வாசலும் பின் வாசலும்

கதை எழுதிப் பிழைக்கிறவனுக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. ஒரு மாளிகையைக் காட்டினால் அதன் முகப்பைப் பார்க்க மாட்டான். கொல்லைப்புறம் எங்கே, பாத்திரம் கழுவுகிறவர் எந்த வழியாக உள்ளே வருகிறார் என்று தேட ஆரம்பித்துவிடுவான். பாரதத்தில் சூதுபோர்ப் பகுதியைப் படிக்கும் போதெல்லாம் எனக்கு இந்த நினைப்பு வரும். சகுனி உருட்டிய பகடையைப் பற்றி ஆயிரம் பேர் பேசிவிட்டார்கள். அந்தச் சபா மண்டபத்தை மறுநாள் காலையில் பெருக்கியவர் யார்?

சென்ற மாதம் என் நண்பர் ஒருவரின் மகன் அமெரிக்காவிலிருந்து லாஸ் வேகாஸ் நகரத்துப் படங்கள் சிலவற்றைக் கைபேசியில் அனுப்பியிருந்தான். எங்கு பார்த்தாலும் விளக்கு வெள்ளம். "மாமா, இந்த ஊரை வைத்து ஒரு நாவலே எழுதலாம்" என்று கீழே ஒரு வரி. நான் அந்த ஊர் மண்ணை மிதித்தவன் அல்ல. நாவல் எழுதும் துணிச்சல் எனக்கு இல்லை. ஆனால் அதன் சரித்திரத்தைத் தேடிப் படித்தேன். படிக்கப் படிக்க, விளக்குகள் மங்கி வாசல்கள்தாம் என் கண்ணுக்குத் தெரிந்தன. எந்த வாசல் யாருக்கு என்பதுதான் அந்த ஊரின் கதையே என்று தோன்றியது.

லாஸ் வேகாஸ் என்றால் ஸ்பானிய மொழியில் புல்வெளிகள் என்று பொருள். பாலைவனத்தின் நடுவே ஊற்று நீர் சுரந்து, கொஞ்சம் பசுமை இருந்ததால் வந்த பெயர். (அந்த ஊற்றுகள் 1962-ல் வற்றிப் போயின; பெயர் மட்டும் வற்றவில்லை.) 1905-ஆம் ஆண்டு மே மாதம் 15-ஆம் தேதி, கொளுத்தும் வெயிலில் ஒரு ரெயில்வே கம்பெனி அங்கே மனைகளை ஏலம் போட்டது. அன்று பிறந்தது நகரம். நெவாடா ராஜ்யத்தில் சூதாட்டம் அப்போது அனுமதிக்கப்பட்டிருந்தது. 1910-ல் தடை செய்தார்கள். 1931-ல் மறுபடியும் சட்டபூர்வமாக்கினார்கள். சுரங்கங்கள் ஓய்ந்துவிட்டன, நாடெங்கும் பொருளாதார மந்தம், கஜானாவில் பணம் இல்லை. ஒழுக்கத்தைப் பற்றி யோசிக்கச் சர்க்காருக்கு அவகாசம் ஏது? அதே ஆண்டில், ஆறு வாரம் அந்த ராஜ்யத்தில் தங்கினால் விவாகரத்து பெறலாம் என்றும் சட்டம் வந்தது. மனைவியை விலக்க வந்தவன் ஆறு வாரமும் சும்மா உட்கார்ந்திருப்பானா?

அப்போதுதான் சுமார் 25 மைல் தூரத்தில் ஹூவர் அணையின் வேலை தொடங்கிற்று. தொழிலாளருக்காக மத்திய சர்க்கார் கட்டிய பௌல்டர் நகரத்தில் சூதும் மதுவும் கூடாது. ஆகவே சம்பள நாளில் எல்லோரும் லாஸ் வேகாஸுக்கு வண்டி ஏறினார்கள். பௌல்டர் நகரத்தில் வேறொன்றும் கூடாது. கறுப்பின மக்கள் அங்கே குடியிருக்க முடியாது. இதை இங்கே சொல்லி வைக்கிறேன். பின்னால் தேவைப்படும்.

இனி நம் கதைக்கு வில்லன் வருகிறான். பெஞ்சமின் ஸீகல். 'பக்ஸி' என்ற பட்டப்பெயரால் உலகத்துக்குத் தெரிந்தவன். அவன் முன்னால் அந்தப் பெயரைச் சொன்னால் கோபம் வந்துவிடுமாம். கொலைகாரர்களின் கூட்டாளி, தானே கொலைகாரன் என்றும் பெயரெடுத்தவன். வேறொருவர் தொடங்கிப் பணமுடையால் நின்று போன ஃபிளமிங்கோ ஹோட்டலைத் தன் கைக்குள் கொண்டுவந்து, கூட்டாளிகளின் பணத்தைக் கொட்டிக் கட்டினான். பத்து லட்சம் டாலர் என்று போட்ட திட்டம் ஐம்பது, அறுபது லட்சத்தைத் தொட்டது. வீடு கட்டிப் பார்த்தவர்களுக்கு இந்தக் கணக்கு ஆச்சரியம் தராது. 1946 டிசம்பர் 26-ஆம் தேதி திறப்பு விழா. ஆனால் தங்கும் அறைகள் முடியவில்லை! ஃபிளமிங்கோவில் ஜெயித்தவர்கள் பணத்தை மடியில் கட்டிக்கொண்டு பக்கத்து ஹோட்டலுக்குத் தூங்கப் போனார்கள். அங்கேயும் ஆடினார்கள். ஸீகலுக்கு நஷ்டத்தின் மேல் நஷ்டம். 1947 ஜூன் 20-ஆம் தேதி இரவு, பெவர்லி ஹில்ஸில் ஒரு வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்திருந்தவனை ஜன்னல் வழியாகச் சுட்டுக் கொன்றார்கள். சுட்டவர் யார் என்பது இன்றுவரை நிரூபணமாகவில்லை. ஆனால் அன்றிரவே அவன் சகாக்கள் ஃபிளமிங்கோவின் நிர்வாகத்தை ஏற்றுக்கொண்டார்கள். முன் வாசல் வழியாகத்தான் நுழைந்தார்கள்.

இதற்குப் பிறகு மற்றவர்களும் வந்தார்கள். 1950-ல் செனட்டர் கெஃபாவர் என்பவர் ஒரு கமிட்டியுடன் ஊர் ஊராகப் போய்க் குற்றக் கூட்டங்களை விசாரித்தார். விளைவு வேடிக்கையானது. மற்ற ஊர்களில் திருட்டுத்தனமாகச் சூதாட்ட விடுதி நடத்தியவர்கள் அங்கெல்லாம் விரட்டப்பட்டு, சட்டம் அனுமதித்த ஒரே இடமான நெவாடாவுக்குக் குடிபெயர்ந்தார்கள். பிற ஊர்களில் கைதியாக வேண்டிய ஆசாமி இங்கே கனவான் ஆகிவிட்டான். மோ டாலிட்ஸ் என்பவரைப் பாருங்கள். மதுவிலக்குக் காலத்தில் ஏரி வழியாகச் சாராயம் கடத்தியவர். இங்கே டெஸர்ட் இன் ஹோட்டலின் சொந்தக்காரர்களில் ஒருவர்; ஒரு பெரிய ஆஸ்பத்திரியைக் கட்டியவர்களிலும் ஒருவர். அவருடைய கடைசிக் காலத்தில் ஊர் அவரை நன்கொடையாளர் என்றே கொண்டாடியது. சூதாட்டத்தை விலக்கும் மார்மன் சமயத்தைச் சேர்ந்த ஒரு வங்கிக்காரரும் இந்த விடுதிகளுக்குத் தயங்காமல் கடன் கொடுத்தார். வட்டிக்குச் சமயம் ஏது?

பணம் போன வழியும் எளியதுதான். இரவு வசூல் எண்ணும் அறைக்கு வரும். வரிக் கணக்கில் ஏறுவதற்கு முன்பே ஒரு பகுதி பெட்டியில் ஏறித் தூரத்து நகரங்களுக்குப் போய்விடும். பாலில் ஆடை எடுப்பது என்று அவர்களே இதற்குப் பெயர் வைத்திருந்தார்கள்.

இனிமேல் நான் தேடிய கொல்லைப்புறம்.

யுத்த காலத்தில் மக்னீஷியத் தொழிற்சாலை ஒன்று பக்கத்தில் வந்தது. அதில் வேலை தேடி அர்க்கன்ஸாஸ், லூயிஸியானா பகுதிகளிலிருந்து கறுப்பின மக்கள் ஆயிரக்கணக்கில் வந்தார்கள். ரெயில் பாதைக்கு மறுபுறம், மேற்குப் பகுதி என்று ஓர் இடத்தில்தான் அவர்கள் குடியிருக்கலாம். தார் போடாத தெரு, சாக்கடை வசதி கிடையாது, கூடாரத்திலும் பலகைக் குடிசையிலும் குடித்தனம். யுத்தம் முடிந்ததும் ஆண்களும் பெண்களும் ஹோட்டல்களுக்கு வேலைக்குப் போனார்கள். படுக்கை விரிக்கலாம், தட்டுக் கழுவலாம், மூட்டை தூக்கலாம். ஆனால் அதே ஹோட்டலில் ஒரு கோப்பைக் காப்பி வாங்கி உட்கார்ந்து குடிக்க முடியாது.

பாட்டுக்காரர்களின் கதி இன்னும் விசித்திரம். நாட் கிங் கோல் பாடுவார். ஸாமி டேவிஸ் ஆடுவார். மண்டபம் எழுந்து நின்று கை தட்டும். ஆட்டம் முடிந்ததும் கறுப்புக் கலைஞர்கள் சமையலறைப் பக்கமாக வெளியேறி மேற்குப் பகுதிக்குப் போய்விட வேண்டும். அங்கே ஒரு பெண்மணி தன் வீட்டில் அறை விட்டிருந்தார். ஹாரிசன் வீடு என்று அது இப்போது பாதுகாக்கப்பட்ட சின்னம். கொலைக்கு அஞ்சாதவன் முன் வாசலில் வரவேற்கப்பட்ட காலத்தில், நாட்டையே தன் குரலால் கிறங்க வைத்தவர் பின் வாசலில் நடந்திருக்கிறார். நாவலில் இப்படி எழுதினால் "மிகைப்படுத்திவிட்டீர்கள்" என்று கடிதம் எழுதுவீர்கள்.

1955 மே மாதம் மேற்குப் பகுதியின் ஓரத்தில் மூலான் ரூஷ் என்று ஒரு ஹோட்டல் திறந்தது. வெள்ளையரும் கறுப்பரும் சேர்ந்து அமரலாம். குத்துச் சண்டை வீரர் ஜோ லூயிஸ் வாசலில் நின்று வரவேற்றார். இரவு இரண்டரை மணிக்கு அங்கே மூன்றாவது ஆட்டம் தொடங்கும். பெரிய ஹோட்டல்களில் வேலை முடித்த நட்சத்திரங்கள், வெள்ளையரும் சேர்த்து, அங்கே கூடிவிடுவார்கள். அந்த ஆண்டு முடிவதற்குள் கடை கட்டிவிட்டது. கடன், நிர்வாகக் கோளாறு என்கிறார்கள்; மற்ற விடுதிக்காரர்களின் பொறாமை என்றும் சொல்வதுண்டு. ஆறே மாதம்தான். ஆனால் சேர்ந்து உட்கார்ந்தால் வானம் இடிந்து விழாது என்று ஊருக்குத் தெரிந்துவிட்டது.

1960-ல் ஜேம்ஸ் மக்மிலன் என்ற பல் வைத்தியர் கறுப்பின மக்களின் சங்கத்துக்கு அவ்வூர்க் கிளைத் தலைவராக இருந்தார். மேயருக்குக் கடிதம் எழுதினார்: முப்பது நாளில் பேதம் ஒழியாவிட்டால் ஹோட்டல் வீதியில் ஊர்வலம் வருவோம். கொலை மிரட்டல்கள் வந்தன. மேற்குப் பகுதியில் சூதாட்டக் கூடம் நடத்திய ஒருவர் மூலம் முதலாளிகளுக்குத் தூது போயிற்று என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். முதலாளிகள் கணக்குப் போட்டார்கள். வீதியில் கலகம் என்று பத்திரிகையில் வந்தால் பிரயாணிகள் வர மாட்டார்கள். கறுப்பர் கையிலும் டாலர் இருக்கிறது. மார்ச் 26-ஆம் தேதி, மூடிக்கிடந்த அதே மூலான் ரூஷின் காப்பிக் கூடத்தில் கூடி, ஒன்றிரண்டு விடுதிகள் தவிர மற்றவை வாசலைத் திறக்கும் என்று முடிவாயிற்று. மனம் மாறிவிட்டது என்று நான் சொல்லத் தயாராக இல்லை. கணக்கு மாறியது.

அதே 1960-ல்தான், இதை நினைத்தால் எனக்குச் சிரிப்பாக வருகிறது, நெவாடாச் சர்க்கார் எந்தச் சூதாட்ட விடுதியிலும் நுழையக் கூடாத ஆசாமிகள் பதினோரு பேரின் பட்டியலை வெளியிட்டது. அதற்குக் 'கறுப்புப் புத்தகம்' என்று பெயர்! பட்டியலில் இருந்த ஸாம் ஜியான்கானாவை 1963-ல் தம் விடுதியில் தங்க விட்டார் என்று எழுந்த தகராறில் பாடகர் ஃபிராங்க் ஸினாட்ரா தம் லைசென்ஸையே விட்டுக்கொடுக்க நேர்ந்தது. ஆனால் எண்ணும் அறையில் ஆடை எடுப்பது மட்டும் அப்புறமும் நடந்தது. 1980-களில் கான்ஸாஸ் ஸிட்டியில் நடந்த வழக்குகளில்தான் பெரிய தலைகள் சிறைக்குப் போயின.

சரி, வாசல் திறந்தது, வேலை? விருந்தாளியாக முன் வாசலில் நுழையலாம். சீட்டுப் போடுகிற மேஜைக்கு அந்தப் பக்கம் நிற்க முடியாது. அதற்கு 1971-ல் நீதிமன்றத்தின் மூலம் ஓர் உடன்பாடு தேவைப்பட்டது. கொல்லைப்புறத்து ஜனங்களுக்கு உண்மையான பலம் சமையல் தொழிலாளர் சங்கத்திலிருந்து வந்தது. அலபாமாவில் பிறந்து, கணவரை இழந்து, நிறையக் குழந்தைகளை ஹோட்டல் அறை சுத்தம் செய்த சம்பளத்தில் வளர்த்த ஹாட்டி கான்டி என்ற அம்மாள் 1990-ல் அதன் தலைவியானார். அடுத்த ஆண்டு ஃபிரான்டியர் ஹோட்டலின் தொழிலாளர் சுமார் 550 பேர் வேலை நிறுத்தம் செய்தார்கள். ஹோட்டலின் எதிரில் இரவும் பகலும் மறியல். ஆறு ஆண்டு, நான்கு மாதம். ஒருவர்கூட மறியலைத் தாண்டி வேலைக்குத் திரும்பவில்லை என்று சங்கம் பெருமையோடு சொல்கிறது. 1998-ல் வேறு முதலாளி ஹோட்டலை வாங்கிய பிறகுதான் உள்ளே போனார்கள்.

அந்த ஹோட்டலை 2007-ல் வெடிவைத்துத் தகர்த்தார்கள். மூலான் ரூஷ் 2003-ல் தீப்பற்றி எரிந்தது.

அடுத்த முறை போகும்போது மேற்குப் பகுதிக்குப் போய் ஹாரிசன் வீட்டை ஒரு படம் எடுத்து அனுப்பு என்று நண்பரின் மகனுக்குப் பதில் எழுதினேன். தான் தங்கியிருந்த ஹோட்டலில் விசாரித்தானாம்; முன் மேஜையில் இருந்தவருக்கு அப்படி ஒரு வீடு இருப்பதே தெரியவில்லை. அறை சுத்தம் செய்ய வந்த அம்மாள்தான் வழி சொன்னாராம்.