ஹெப்டபாட் மொழி

அமெரிக்க எழுத்தாளர் டெட் சியாங், 1998-இல் வெளியான ‘ஸ்டோரி ஆஃப் யுவர் லைஃப்’ என்ற குறுநாவலுக்காகப் படைத்த கற்பனை மொழி. பூமிக்கு வரும் ஏழு கால்களுடைய வேற்றுக்கிரக உயிரினங்களே இதைப் பேசுகின்றன. மனிதர்களைப் போல ஒவ்வொரு கணமாக வாழாமல், முக்காலத்தையும் ஒருங்கே உணர்பவை அவை.

பேச்சும் எழுத்தும் இங்கே தனித்தனி மொழிகள். பேச்சில் சொல்வரிசைக்குக் கட்டுப்பாடு குறைவு. வாக்கியத்துக்குள் வாக்கியம் அடுக்கடுக்காக நுழையும். எழுத்தோ ஒலியைப் பதிவு செய்வதே இல்லை. முதலில் இழுக்கும் ஒரே கோடு பல சொற்றொடர்களுக்கு உறுப்பாக அமைவதால், முழு வாக்கியமும் எப்படி முடியும் என்று தெரிந்தால்தான் அந்தக் கோட்டையே இழுக்க முடியும். இதைக் கற்கும் மொழியியலாளர் லூயிஸ் பேங்க்ஸ், மெல்ல மெல்லத் தன் எதிர்காலத்தையும் நினைவுபோல உணரத் தொடங்குகிறார்.

இக்கற்பனைக்கு இரண்டு அடித்தளங்கள் உண்டு. ஒன்று, மொழி சிந்தனையை வடிவமைக்கிறது என்னும் சபீர்-வோர்ஃப் கருதுகோள். மற்றொன்று, ஒளியின் பாதையை அது செல்லும் நேரத்தைக் கொண்டு விளக்கும் ஃபெர்மாவின் இயற்பியல் கோட்பாடு. காற்றிலிருந்து நீருக்குள் புகும் ஒளிக்கதிர், சேருமிடத்தை முன்பே அறிந்ததுபோல விரைவான வழியில் வளைகிறது.

குறுநாவல் நெபுலா விருது பெற்றது. டெனி வில்நவ் இயக்கிய ‘அரைவல்’ (2016) திரைப்படத்தில் இவ்வெழுத்து மை சிதறிய வட்டங்களாக உருப்பெற்றது. அவற்றை வரைந்தவர் ஓவியர் மார்ட்டீன் பெர்ட்ராண்ட். மெக்கில் பல்கலைக்கழக மொழியியலாளர் ஜெசிகா கூன் படத்துக்கு ஆலோசனை வழங்கினார்.